தூத்துக்குடி ஓடாவிகள் சங்கம்: 2024–25 ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் மூத்த மேஸ்திரிமார்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: மரக்கலம் கட்டும் ஓடாவிகளான நம்மில் யாரும் இந்த ஆண்டும் புதுத் தோணிக்கு ஏரா, அதாவது அடிமரம், வைக்கவில்லை. கிடைத்ததெல்லாம் பழுது வேலைதான். பழைய துறைமுகத்திலிருந்து மாலத்தீவுக்குக் காய்கறியும் கட்டுமானச் சாமானும் ஏற்றிப்போகும் தோணிகள் தென்மேற்குப் பருவக்காற்றில் ஓய்ந்து நின்றபோது, பலகை மாற்றவும், பலகை இடுக்கில் பஞ்சு திணித்துக் கலப்பத்து அடிக்கவும் கூப்பிட்டார்கள். மீன்பிடி வள்ளம் வேலை அறவே இல்லை. 2004 சுனாமிக்குப் பின் நிவாரணமாக ஃபைபர் படகுகள் வந்து இறங்கியதிலிருந்தே அது தேய்ந்துகொண்டுதான் வருகிறது. மீனவரைக் குறை சொல்ல முடியாது. ஃபைபருக்கு எடையும் குறைவு, பராமரிப்பும் குறைவு.

மரமும் கஷ்டம். படகின் விலாச்சட்டமான வங்குக்குத் தானாகவே வளைந்து வளர்ந்த கட்டை வேண்டும். நேர்மரத்தை வளைவாக அறுத்தால் ரேகை வெட்டுப்பட்டு, அலை அடிக்கும்போது அந்த இடத்திலேயே விண்டுபோகும். ஒரு தோணி வேலை இந்தக் கட்டைக்காகவே மூன்று வாரம் நின்றது.

ஆடியில் நடந்ததைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். உறுப்பினர் ஒருவரின் பேரன், பாலிடெக்னிக்கில் படிப்பவன், ஞாயிற்றுக்கிழமைகளில் வேலைக்கு வந்தான். பஞ்சைத் திரித்து, இரண்டு பலகைக்கு நடுவே வைத்து, உளியால் இறக்கினான். பார்வைக்குச் சரியாகத்தான் இருந்தது. பத்தடி தள்ளி உட்கார்ந்திருந்த மூத்த மேஸ்திரி, "தம்பி, பொத்து பொத்துன்னு கேக்குது, இன்னும் இறங்கல" என்றார். பஞ்சு நிறைந்தால், உளியை அடிக்கும் மரச் சுத்தியலான கொட்டாப்புளியின் சத்தம் கெட்டிப்படும். பொழுது சாய்வதற்குள், "இப்ப கேட்டுச்சு தாத்தா" என்று பையனே கத்தினான். இந்த ஆண்டில் எனக்கு அதைவிடப் பெரிய சந்தோஷம் இல்லை.

நம்மிடம் வரைபடம் கிடையாது. ஏராவின் நீளத்தைச் சொன்னால் மற்ற அளவெல்லாம் மேஸ்திரியின் மனக்கணக்கில் வரும். அக்கரையில், இலங்கையின் வல்வெட்டித்துறை மேஸ்திரிகள் கட்டிய அன்னபூரணி என்ற பாய்க்கப்பல் 1938-இல் அமெரிக்காவின் குளோஸ்டர் வரை போய்ச் சேர்ந்தது. அத்தனை உறுதியான வேலை இது. அந்த மனக்கணக்கை எழுதிவைக்க ஒரு நோட்டுப் போட்டோம். பத்துப் பக்கம்கூட நிரம்பவில்லை. கையில் மரம் இருந்தால்தான் பெரியவர்களுக்குப் பேச்சு வருகிறது.

ஆகவே, சங்க நிதியில் சிறு வள்ளம் ஒன்றை, ஏராவிலிருந்து சுக்கான் வரை, இளைஞர்களைக் கூட வைத்துக் கட்ட வேண்டும் என்று தீர்மானம் முன்வைக்கிறேன். வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார்.

அப்புறம் ஒரு வேண்டுகோள். யார் வீட்டு வேம்பையாவது வெட்ட நேர்ந்தால், வளைந்த கிளையை விறகுக்குக் கொடுத்துவிடாமல் எனக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள்.

செயலாளர்