43-வது நாள்

அன்புள்ள தம்பி,

பாரீஸில் நாடகப் பள்ளியை முடித்ததும் சின்னப் படங்களில் துணை வேடம் செய்தே பிழைக்க முடியுமா என்று கேட்டிருந்தாய். முடியும். ஆனால் வேஷம் எவ்வளவு பெரிது என்று பார்க்காதே, வேலை நாட்களை எண்ணு.

பிரான்ஸ் சட்டப்படி நடிகர் சம்பளக்காரர். வேலை இல்லாத நாட்களுக்கு உதவித்தொகை உண்டு. அதைப் பெற 12 மாதத்தில் 507 மணி நேரம் காட்ட வேண்டும். நாள்கூலியான ஒரு 'கஷே'க்கு 12 மணி நேரம் வரவு. ஒரே வசனம் பேசிவிட்டு மதியமே திரும்பினாலும் 12 தான். வகுத்துப் பார். 42 நாளுக்கு 504 மணி. மூன்று மணி நேரத்தில் ஒரு வருடமே கைநழுவும். 43 வேண்டும்.

படத்துக்கு நான்கைந்து நாள் என்று வைத்தால் ஒன்பது முதல் பதினொரு படம் வேண்டும். யாருக்கு அமைகிறது! அதனால் டப்பிங், மேடை, டிவி தொடர் எதையும் மட்டமென்று தள்ளாதே. ஒப்பந்தமில்லாத குறும்படத்தில் ஒரு மணி நேரம்கூட ஏறாது. ஆசைப்பட்டு நடித்தால், வாய்ப்பு கேட்கும்போது காட்டும் டெமோ ரீலுக்கு உன் காட்சியைத் தருவதாக எழுதி வாங்கிக்கொள். சம்பளம் வாங்கிய படத்தில் எடிட்டிங்கில் உன்னை வெட்டினாலும் மணிக்கணக்கு உன்னுடையதுதான்.

கையெழுத்திடும் முன் ஒத்திகை நாளுக்கும் கஷே உண்டா என்று கேள். உன் படப்பிடிப்பு நாட்களை அடுத்தடுத்து வைக்கவும் சொல். இல்லாவிட்டால் இரண்டு நாள் வேஷத்தில் முதல் நாள் திங்களன்றும், அடுத்தது மூன்று வாரம் கழித்தும் விழும். காட்சி ஒட்ட வேண்டுமே, அதுவரை உன் தாடி அவர்கள் வசம்; இடையில் சவரம் செய்த முகம் கேட்கிற வேலை போச்சு. சுயாதீனப் படத்தில் இது இன்னும் மோசம். அரசின் திரைப்பட மையமான சே.என்.சே. தரும் முன்பணம், பிராந்திய நிதி, டிவி சேனல் பணம் என்று மூன்று இடத்திலிருந்து காசு வர வேண்டும். ஒன்று தாமதித்தால் வசந்தத்துப் படப்பிடிப்பு இலையுதிர்காலத்துக்குப் போகும்.

முந்தைய மாலை வரும் கால்ஷீட் தாளில் உன் பெயருக்கு நேரே மூன்று நேரம் இருக்கும்: வந்து சேர, உடை-ஒப்பனை-முடிக்கு, பிறகு 'பே.ஆ.தே.', அதாவது கேமரா முன் தயாராக நிற்க. புதியவர்கள் கடைசியைப் பார்த்துக் கிளம்பி வந்து மேக்கப்காரரிடம் வாங்கிக்கட்டிக்கொள்கிறார்கள்.

படம் முடிந்ததும் கம்பெனி அனுப்பவேண்டிய மாதச் சான்று, உதவித்தொகையைக் கவனிக்கும் 'ஃப்ரான்ஸ் த்ரவாய்' அலுவலகத்துக்குப் போனதா என்று நீயே பார். கணக்காளர் அடுத்த படத்துக்குப் போய்விட்டால் துரத்துவது கஷ்டம். விடுமுறைச் சம்பளம் தனி, 'ஓதியான்ஸ்' என்ற அமைப்பு வழியாக வரும். மனு போடாமல் வராது. ஏஜெண்டுக்கு 10 சதவீதம்.

ஒரே இயக்குநர் திரும்பத் திரும்பக் கூப்பிட்டால் பாதிச் சுமை குறையும். இயக்குநர் ரொபேர் கெதிகியான் மார்சேயில் எடுக்கும் படங்களில் ழான்-பியேர் தாருஸ்ஸானும் ழெரார் மெய்லானும் பல்லாண்டாக வருகிறார்கள். இவர்களில் மெய்லான் மருத்துவமனை நர்ஸாக வேலை பார்த்தவர்.

ஒப்பந்த நகல் வந்ததும் அனுப்பு. கஷே எண்ணிக்கை எழுதிய பக்கத்தை முதலில் பார்ப்போம்.