துசேனின் நாட்டுக்குச் சேர வேண்டிய பணம்: பிரெஞ்சு அதிபருக்கு ஒரு திறந்த மடல்

மாண்புமிகு அதிபர் இம்மானுவேல் மேக்ரான் அவர்களுக்கு,

வணக்கம். நான் புதுச்சேரிக்காரி. பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள குடும்பம். அதிபர் தேர்தல் வரும்போதெல்லாம் இங்கே வரிசையில் நின்று வாக்களிக்கிறேன். அந்த உரிமையில் கேட்கிறேன்: ஒரு காலத்தில் பிரான்சின் அடிமைக் குடியேற்றமாக இருந்த கரீபியத் தீவு நாடான ஹைட்டியிடம், அதன் விடுதலைக்கு விலையாகப் பிரான்ஸ் வாங்கிய பணத்தைத் திருப்பிக் கொடுங்கள்.

பத்தாம் சார்லஸ் மன்னர் அந்தப் பணத்தைக் கேட்டு ஆணை பிறப்பித்து 200 ஆண்டுகள் நிறைந்த 2025 ஏப்ரல் 17 அன்று, ஓர் இளம் நாட்டின் சுதந்திரத்துக்கு விலை வைக்கப்பட்டது என்று ஒப்புக்கொண்டீர்கள். இரு நாட்டு வரலாற்றாசிரியர்களைக் கொண்ட ஆணையத்தையும் அறிவித்தீர்கள். தங்களுடைய அன்றைய அறிக்கையை இரண்டு முறை படித்தேன். பணம் திரும்பும் என்று அதில் எங்கும் இல்லை.

ஹைட்டியின் விடுதலைத் தலைவர் துசேன் லூவெர்த்தூர் யார் என்று தங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பாரிசில் பெரியோர்களுக்கான நினைவிடமான பாந்தியோனில் அவர் பெயரைப் பொறித்து வைத்திருக்கிறீர்கள். அந்தத் தீவின் பிரேதா பண்ணையில் அடிமையாகப் பிறந்து, குதிரைவண்டி ஓட்டி, 1791இல் மூண்ட கிளர்ச்சியைக் கட்டுக்கோப்பான படையாக மாற்றியவர். இங்கிலாந்துப் படைகளை வெளியேற வைத்தவர். தீவில் அடிமைத்தனம் என்றென்றைக்கும் ஒழிந்தது என்று 1801இல் அரசியல் சட்டமே இயற்றியவர். பிரெஞ்சுத் தளபதி புருனே பேச வருமாறு எழுதிய கடிதத்தை நம்பிப் போனவரை 1802 ஜூனில் பிடித்துக் கட்டிக் கப்பலில் ஏற்றினார்கள்.

அவர் இறந்த அறையை நினைக்காமல் என்னால் மேலே எழுத முடியவில்லை. பிரான்சின் ஜூரா மலையில் ஏறத்தாழ 1,000 மீட்டர் உயரத்தில் இருக்கிறது ஜூ கோட்டை. கல்லில் ஈரம் கசியும் அறை. சன்னலின் பெரும்பகுதி செங்கல் வைத்து அடைக்கப்பட்டிருந்தது. வாழ்நாள் முழுவதும் வெயிலில் இருந்த மனிதருக்கு, அறுபதை நெருங்கும் வயதில், பனி பெய்யும் மாதங்களில் விறகைக் குறைத்தார்கள். உணவையும் குறைத்தார்கள். கடிகாரத்தைப் பறித்தார்கள். தாளும் மையும்கூடப் பிறகு பறிபோயின. மனைவி சுசானையும் பிள்ளைகளையும் முன்பே பிரித்துவிட்டார்கள். புதைத்து வைத்த பணம் எங்கே என்று கேட்டு நெப்போலியனின் தளபதி கஃபரெல்லி திரும்பத் திரும்ப வந்தார். காலை வெட்டிவிட்டு நட என்பதும், நாக்கை அறுத்துவிட்டுப் பேசு என்பதும் ஒரு மனிதனை உயிரோடு புதைப்பதாகாதா என்று நெப்போலியனுக்கு எழுதிய தம் நினைவுக்குறிப்பில் கேட்டார் துசேன். நெப்போலியன் பதில் எழுதவே இல்லை. 1803 ஏப்ரல் 7 அன்று காலை அறைக்கதவைத் திறந்தவர்கள், கணப்பின் ஓரமாகத் தலைசாய்த்து நாற்காலியிலேயே உயிர் விட்டிருந்த அவரைக் கண்டார்கள். ஆறப்போட்டுப் பேச வேண்டிய செய்தியா இது, ஐயா?

ஒன்பது மாதம்கூட ஆகவில்லை, 1804 சனவரி 1 அன்று அவருடைய மக்கள் விடுதலை பெற்றார்கள். அந்த மக்களிடம்தான் 1825இல் 14 போர்க்கப்பல்களை அனுப்பி, அங்கே நிலமும் அடிமைகளும் இழந்த பிரெஞ்சுப் பண்ணையாளர்களுக்கு நட்ட ஈடாக 15 கோடி பொன் பிராங்க் கேட்டது பிரான்ஸ். அந்த நட்டத்தில் அடிமைகளாயிருந்த மனிதர்களின் விலையும் அடக்கம். தங்கள் உடலுக்கான விலையைத் தாங்களே கட்டினார்கள். முதல் தவணைக்குப் பாரிசிலேயே 3 கோடி கடன் வாங்க வேண்டி வந்தது. வங்கியாளர்கள் தரகு பிடித்ததுபோக கைக்கு வந்தது 2 கோடியே 40 லட்சம். 1838இல் மொத்தம் 9 கோடியாகக் குறைக்கப்பட்டாலும், அதற்காகப் பட்ட கடன்களின் கடைசிச் சுமை இறங்க 1947 ஆயிற்று.

என் தாத்தா சொல்தா. உங்கள் படையில் இருந்தவர். அவர் பென்சன் ஒரு மாதமும் தவறியதில்லை. அவருக்குப் பிறகு பாட்டிக்கு வந்தது. உயிரோடு இருப்பதற்கான சான்றை ஆண்டுதோறும் பாட்டி கையெழுத்திட்டுக் கொடுப்பார். கை நடுங்கிய கடைசி ஆண்டிலும் கொடுத்தார். கணக்கு வைக்கத் தெரிந்த அரசு உங்களுடையது. கொடுக்க வேண்டியதைக் கொடுக்கத் தெரிந்த அரசும்கூட. அதனால்தான் என் மனம் ஆறவில்லை. எங்கள் வீட்டுக்குப் பார்த்த கணக்கை ஹைட்டிக்கு ஏன் பார்க்கக் கூடாது?

இந்தக் கரையிலிருந்தும் 18ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக் கப்பல்கள் அடிமைகளை மொரிசியசுக்கும் ரெயூனியனுக்கும் ஏற்றிச் சென்றன. கடற்கரைச் சாலையில் நடக்கும்போது அவர்கள் எந்த ஊரார், யார் பெற்ற பிள்ளைகள் என்று நினைத்துக்கொள்வேன். அவர்களுக்காகக் கேட்க இன்று யாரும் இல்லை. ஹைட்டிக்கு மக்கள் இருக்கிறார்கள், அவர்கள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். 2003இல் ஹைட்டி அரசே கேட்டது. 2015இல் உங்களுக்கு முன்னிருந்த அதிபர் ஒலாந்து, கடனைத் தீர்ப்பேன் என்றார். அது தார்மீகக் கடன்தான் என்று அவருடைய அலுவலகம் பிறகு விளக்கம் சொன்னது. பசித்தவனுக்கு இலையைப் போட்டுவிட்டு எழுப்பி அனுப்பியதுபோல் இருந்தது.

அடிமைமுறை மானுடத்துக்கு எதிரான குற்றம் என்று 2001இல் உங்கள் நாடாளுமன்றமே சட்டம் இயற்றியிருக்கிறது. குற்றம் என்றான பிறகு, அதில் வந்த பணம் யாருடையது?

சொற்கள் தடித்திருந்தால் பொறுத்தருளுங்கள். ஆணையத்தின் பணியில் பணத்தைத் திருப்பித் தருவதையும் சேருங்கள். தொகையையும் தவணையையும் ஹைட்டி மக்களோடு உட்கார்ந்து முடிவுசெய்யுங்கள். முதல் தவணைக்கு ஒரு தேதி சொல்லுங்கள் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
புதுச்சேரி வாக்காளர் ஒருத்தி