பனைமரம்தான் காத்து போடுதாம்

ஆசிரியருக்கு வணக்கமுங்க. கொழிஞ்சாம்பாறை பக்கத்துல இருந்து எழுதறேன். ஆடி மாசம் பாலக்காட்டு கணவாய் வழியா மேகாத்து பூந்துச்சுன்னா எங்க பக்கம் பனைமரமெல்லாம் சாமி வந்த மாதிரி ஆடும். யுகேஜி படிக்கிற எம்பேத்திகிட்ட டீச்சர், காத்து எங்கிருந்து வருதுன்னு கேட்டிருக்காங்க, இவ பனைமரம்தான் ஆடி ஆடி காத்து போடுதுன்னு சொல்லிருக்கா, கிளாசே சிரிச்சிருக்கு, டீச்சரும் சிரிச்சுட்டு தப்பு உக்காருன்னுட்டாங்க. அதுக்கப்புறம் நாலஞ்சு நாளா எதைக் கேட்டாலும் தெரியல அம்மாயிங்கறா, வாயே தொறக்கல, எனக்கு வயித்தைப் பெசையுது.

மரம் எப்படி சாமி காத்து போடும்னு மடியில உக்கார வெச்சு மெதுவா கேட்டேன். எந்திரிச்சுப் போயி பனையோலை விசிறியை எடுத்துட்டு வந்து எம்மூஞ்சிக்கு நேரா வீசுனா. இதுல ஒரு ஓலைதான, மரத்துல எத்தனை ஓலைன்னு கேட்டா. எனக்கு பேச்சே வரலைங்க. விடை தப்புதான், ஆனா அஞ்சு வயசுல எவ்வளவு யோசிச்சிருக்கு பாருங்க!

குழந்தைங்க எப்படி யோசிக்கறாங்கன்னு ஆராய்ச்சி பண்ணுன சுவிட்சர்லாந்துக்காரர் பியாஜே 1920 வாக்குல பாரிஸ்ல குழந்தைகளுக்கு டெஸ்ட் வெக்கற வேலை பாத்தப்ப, சரியான விடையை விட்டுட்டு தப்பான விடையைத்தான் கவனிச்சாரு. ஒரே வயசுப் பிள்ளைங்க ஒரே மாதிரி தப்பு பண்றாங்க, அப்ப அதுக்குள்ள ஒரு கணக்கு இருக்குன்னு புரிஞ்சுகிட்டாரு. மரம் ஆடறதாலதான் காத்து வருதுன்னு அவருகிட்டயும் பிள்ளைங்க சொல்லிருக்காங்க. நானும் அவர் செஞ்ச மாதிரி அகல டம்ளர்ல இருந்த மோரை அவ கண்ணு முன்னாடியே ஒசரமான கிளாஸ்ல ஊத்துனேன், இதுலதான் நெறையன்னா. ஏழு வயசு வாக்குலதான் இது மாறும்பாரு.

பின்னாடி வந்தவங்க இன்னொன்னு கண்டுபிடிச்சாங்க, ஒரே கேள்வியை ரெண்டு தடவை கேட்டா முதல்ல சொன்னது தப்பு போலன்னு பிள்ளைங்க பதிலை மாத்திருதாம். பெரியவங்க மூஞ்சியைத்தான அதுக படிக்குதுக, அப்ப சிரிச்சா என்ன ஆகும்னு யோசிங்க. டீச்சர்மாருக்கு ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன், தப்புன்னு சொல்றதுக்கு முன்னாடி ஏன் அப்படி நெனைக்கிறேன்னு ஒரு வார்த்தை கேளுங்க.

முந்தாநாள் மரமே இல்லாத வயக்காட்டு நடுவுல கூட்டிட்டுப் போயி நிறுத்துனேன். பாவாடை படபடன்னு பறக்குது. சுத்திச் சுத்திப் பாத்துட்டு, இங்க யாரு அம்மாயி வீசறாங்கன்னு கேட்டா. ரெண்டு நாளா வீட்டுல எல்லாருகிட்டயும் அதையேதான் கேட்டுட்டு இருக்கா.

இப்படிக்கு,
ஒரு அம்மாயி, சித்தூர் தாலுகா, பாலக்காடு