அணியத்திலும் அமரத்திலும் படுத்தவர்கள்

நாகப்பட்டினம்
ஐப்பசி 12

அன்பு மகளுக்கு,

சென்ற ஞாயிற்றுக்கிழமை பேசியபோது, புதிய கப்பலில் நடைகூடங்களையும் படிக்கட்டுகளையும் வரையும் வேலையை உன்னிடம் ஒப்படைத்திருக்கிறார்கள் என்று சொன்னாய். அப்பா தெருவெல்லாம் சொல்லிவிட்டு வந்தார். பெரிய சொகுசு அறைகளில் தங்குகிறவர்களுக்குத் தனி லிஃப்ட், தனி உணவுக்கூடம், தனி நீச்சல்குளம், மற்றவர்களுடைய அட்டையைக் காட்டினால் அந்தக் கதவு திறக்காது என்றும் சொன்னாய். நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். "காசு கொடுக்கிறவர்களுக்கு வசதி. இதில் என்னம்மா இருக்கிறது?" என்று முடித்துவிட்டாய். எனக்குக் கோபம் இல்லை, கண்ணு. ஆனால் 32 ஆண்டுகள் பள்ளியில் வரலாறு நடத்தியவள் நான். சொல்ல வந்தது பாதியில் நின்றால் தொண்டையில் மீன்முள் சிக்கியதுபோல இருக்கிறது. அதனால் எழுதுகிறேன். பின்லாந்தில், உன் தூர்க்கு நகரத்தில் இப்போது சீக்கிரம் இருட்டிவிடும் என்கிறாயே, ஒரு மாலையில் உட்கார்ந்து முழுவதையும் படி.

அட்லாண்டிக்கைக் கடந்த பழைய பயணிகள் கப்பல்களில் ஏழைகள் படுத்த இடத்துக்கு ஸ்டீரேஜ் என்று பெயர். சுக்கானைத் திருப்பும் கருவிகள் இருக்கும் பகுதியை ஒட்டி அவர்களை அடைத்ததால் அந்தப் பெயர் வந்தது. நம் ஊர்க் கடலோடிகள் பேச்சில் சொன்னால் அமரத்துப் பக்கம், அதாவது கப்பலின் பின்முனை. பாய்மரக் காலத்திலிருந்து கப்பலின் பின்பகுதிதான் பணக்காரர்களுக்கும் உரியதாக இருந்தது. அவர்கள் மேலே, ஏழைகள் கீழே. நீராவியும், கப்பலைத் தள்ளும் சுழல்விசிறியும் வந்தபின் அமரத்தில் இரவும் பகலும் ஒரே அதிர்வு. 1871-இல் ஒயிட் ஸ்டார் நிறுவனம் ஓஷியானிக் என்ற கப்பலை விட்டபோது, முதல் வகுப்பின் அறைகளையும் உணவுக்கூடத்தையும் பின்னாலிருந்து எடுத்துக் கப்பலின் நடுவில் வைத்தது. அலையில் கப்பலின் இரு முனைகளும் ஏறி இறங்கும்போது நடுப்பகுதி அதிகம் அசையாது. இதை உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதற்குப் பிறகு கடல் மயக்கமும் அதிர்வும் யாருக்கு என்பது வரைபட மேசையிலேயே முடிவாகிவிட்டது. காசு உள்ளவர் நடுவில், இல்லாதவர் அணியம் என்கிற முன்முனையிலும் அமரத்திலும்.

கப்பலில் வகுப்பு என்றால் என்ன என்பதை நான் புரிந்துகொண்டது ஒரு பயணியின் அனுபவத்தில் இருந்துதான். ஸ்காட்லாந்து எழுத்தாளர் ராபர்ட் லூயி ஸ்டீவன்சன், 1879-இல் அந்நாட்டுக் கிளைடு ஆற்றிலிருந்து டெவோனியா என்ற கப்பலில் நியூயார்க்குக்குப் போனார். கையில் காசு அதிகம் இல்லை. கினி என்பது அந்தக் காலத்துப் பிரிட்டிஷ் பணம். ஸ்டீரேஜ் டிக்கெட் 6 கினி, இரண்டாம் வகுப்பு 8 கினி. எழுதுவதற்கு ஒரு மேசை வேண்டும் என்பதற்காகவே 2 கினி கூடக் கொடுத்து இரண்டாம் வகுப்பில் ஏறினார். அந்த 2 கினிக்கு என்ன கிடைத்தது தெரியுமா? படுக்கையும் பாத்திரமும் கப்பலிலேயே கொடுத்தார்கள். ஸ்டீரேஜ்காரர்கள் தங்கள் படுக்கையையும் தட்டையும் வீட்டிலிருந்தே கொண்டுவர வேண்டும். காலையில் தேநீரா காப்பியா என்று கேட்பார்கள், இரண்டும் ஏறக்குறைய ஒரே சுவை. மாலையில் முதல் வகுப்பு மேசையில் மிஞ்சிய கோழி எலும்பும் மீன் துண்டும், சூடும் இல்லாமல் குளிர்ச்சியும் இல்லாமல், இவர்களுக்கு வரும். அவருடைய அறை ஸ்டீரேஜுக்கு நடுவிலேயே தடுத்து வைத்த ஒரு சின்ன இடம். மெல்லிய பலகைக்கு அப்பால் ஸ்டீரேஜ்காரர்கள் வாந்தி எடுப்பதும், தகரத் தட்டுகள் உருளுவதும், குழந்தைகள் அழுவதும் கேட்டுக்கொண்டே இருக்கும்.

ஆனால் அந்தப் பலகைக்கு இந்தப் பக்கம் ஒரு பித்தளைத் தகடு இருந்தது. ஸ்டீரேஜில் ஆண், பெண் என்று மட்டும் எழுதியிருப்பார்கள். இரண்டாம் வகுப்புத் தகட்டில் கனவான்கள், சீமாட்டிகள் என்று இருந்தது. தான் இன்னும் கனவான்தான் என்று அந்தத் தகட்டைப் பார்த்தே தெரிந்துகொண்டதாக அவர் எழுதினார். 2 கினிக்குக் கிடைத்தவற்றில் பெரியது அதுதான் என்று நான் நினைக்கிறேன். ஒருநாள் முதல் வகுப்பிலிருந்து ஓர் ஆணும் இரண்டு இளம் பெண்களும் ஸ்டீரேஜைப் பார்வையிட வந்தார்கள். மெல்லச் சிரித்துக்கொண்டு, கால் படாமல் ஒதுங்கி ஒதுங்கி நடந்து, அங்கிருந்தவர்களின் உடையில் கிழிசலைத் தேடின அவர்களுடைய கண்கள். யாரையும் திட்டவில்லை, யாரையும் தள்ளவில்லை. ஆனாலும் அந்தப் பார்வை அவரைச் சுட்டது. மேலே இருப்பவர் கீழே வந்து வேடிக்கை பார்க்கலாம். கீழே இருப்பவர் மேலே போக முடியாது. அந்தத் தடுப்புப் பலகையின் இயல்பு இதுதான் கண்ணு. அது ஒரு பக்கம் மட்டுமே திறக்கும் கதவு.

பின்னாளில் இப்படிப்பட்ட பயணங்களின் முடிவிலும் அதே கதவு இருந்தது. 1892 ஜனவரி 1 அன்று நியூயார்க் துறைமுகத்தில் எல்லிஸ் தீவுச் சோதனை நிலையம் திறக்கப்பட்டது. முதல், இரண்டாம் வகுப்புப் பயணிகளைக் கப்பலிலேயே மேலோட்டமாகப் பார்த்துவிட்டு நேராகக் கரையில் இறக்கிவிடுவார்கள். ஸ்டீரேஜ் பயணிகளை மட்டும் படகில் ஏற்றி அந்தத் தீவுக்குக் கொண்டுபோய், கண்ணிமையைத் திருப்பிப் பார்த்து, சட்டையில் சுண்ணக்கட்டியால் குறி போட்டு, வரிசையில் நிறுத்துவார்கள். நோய் டிக்கெட் பார்த்தா வருகிறது? 1907-இல் மட்டும் பத்து லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் அந்த வரிசையில் நின்றார்கள்.

பள்ளியில் இதைச் சொல்லும்போது ஒன்றை எப்போதும் சேர்த்துச் சொல்வேன். மேல்தளத்தின் சித்திர வேலைப்பாடுகளையும் பெரிய படிக்கட்டையும் பார்த்து, பணக்காரர்கள் கொடுத்த காசில் கப்பல் ஓடியது என்று நினைத்துவிடக் கூடாது. ஆண்டுக்கு லட்சக்கணக்கில் போன ஏழைகளின் சின்னச் சின்ன டிக்கெட்டுகளை நம்பித்தான் அந்த நிறுவனங்கள் அத்தனை பெரிய கப்பல்களைக் கட்டின. 1924-இல் அமெரிக்கா குடியேற்றத்தை இறுக்கிய பிறகு அது நன்றாகத் தெரிந்தது. கீழ்த்தளம் காலியானது. நிறுவனங்கள் அங்கே வண்ணம் பூசி, சுற்றுலா மூன்றாம் வகுப்பு என்று புதுப்பெயர் வைத்து, மாணவர்களையும் ஆசிரியர்களையும் கூவி அழைத்தன. என்னைப்போல் வாத்தியார் வேலை பார்த்தவர்களுக்கு அப்போதுதான் கப்பல் பயணம் எட்டியது.

டைட்டானிக் பற்றி உனக்குத் தெரியாதது இல்லை. ஆனால் அதில் நான் பார்ப்பது பனிப்பாறையை அல்ல, கப்பலின் தளப்படத்தை. நியாயமாகவும் பேச வேண்டும். அந்தக் கப்பலின் மூன்றாம் வகுப்பு அந்தக் காலத்துக்கு நல்ல வகுப்பு. திறந்த கூடத்தில் அடுக்குக் கட்டில் என்ற காலம் போய், இரண்டு பேர் முதல் பத்துப் பேர் வரை தங்கும் அறைகள் வந்துவிட்டன. மேசையில் உட்கார வைத்துப் பரிமாறினார்கள். 1912 ஏப்ரல் 14 அன்று காலையில் ஓட்ஸ் கஞ்சி, புகையூட்டிய மீன், முட்டை, புது ரொட்டி, மதியம் அரிசி சூப், வறுத்த மாட்டிறைச்சி, பிளம் புட்டிங் என்று உணவுப் பட்டியல் சொல்கிறது. ஊரில் பலருக்கு இது பண்டிகைச் சாப்பாடு. 700-க்கும் மேற்பட்டவர்களுக்குக் குளியல் தொட்டி இரண்டே இரண்டு என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

தனி ஆண்களை அணியத்தில் வைத்தார்கள். தனிப் பெண்களையும் குடும்பங்களையும் அமரத்தில் வைத்தார்கள். உயிர்காக்கும் படகுகள் மேல்தளத்தில், முதல், இரண்டாம் வகுப்பினர் உலவும் இடத்தில் தொங்கின. கீழேயிருந்து அங்கே போக மூன்றாம் வகுப்புக்கு நேர்வழி இல்லை. ஜான் ஹார்ட் என்ற மூன்றாம் வகுப்புப் பணியாளர் அந்த இரவில் பெண்களையும் குழந்தைகளையும் இரண்டு தடவை, ஏறக்குறைய 30 பேரும் 25 பேருமாக, மேலே கூட்டிப்போனார். பின்பக்கத் திறந்த தளத்தில் ஏறி, இரண்டாம் வகுப்பு நூலகத்தைக் கடந்து, முதல் வகுப்புப் பகுதிக்குள் நுழைந்து, அங்கிருந்து படகுத் தளம். அந்த அறைகளுக்குள் அவர்கள் ஒருநாளும் கால் வைத்ததில்லை. வழி தெரிந்த ஒருவர் முன்னால் நடந்ததால் அத்தனை பேர் பிழைத்தார்கள். ஒவ்வொரு முறை இதைப் படிக்கும்போதும், அவர் திரும்ப வருவார் என்று காத்திருந்த மற்றவர்களை நினைத்துக்கொள்வேன்.

பிரிட்டன் நடத்திய விசாரணையின் கணக்கை எழுதுகிறேன். இரண்டாம் வகுப்புக் குழந்தைகள் 24 பேர், 24 பேரும் பிழைத்தார்கள். மூன்றாம் வகுப்புக் குழந்தைகள் 79 பேர், பிழைத்தவர்கள் 27. முதல் வகுப்புப் பெண்கள் 144 பேரில் 140 பேர். மூன்றாம் வகுப்புப் பெண்கள் 165 பேரில் 76 பேர். இதை எழுதிவைத்துவிட்டு, மூன்றாம் வகுப்பினரிடம் பாகுபாடு காட்டப்படவில்லை என்று அதே அறிக்கை முடிவு சொன்னது. அந்த விசாரணையில் மூன்றாம் வகுப்புப் பயணி ஒருவரைக்கூடச் சாட்சியாக அழைக்கவில்லை. அப்படியானால் ஏன் இத்தனை பேர் செத்தார்கள்? கப்பலை விட்டு இறங்கத் தயங்கினார்களாம். மூட்டை முடிச்சுகளைப் பிரிய மனமில்லையாம். அவர்களுடைய இருப்பிடம் கப்பலின் இரு கோடிகளில் இருந்ததால் மேலே கொண்டுவருவது கடினமாக இருந்ததாம்.

அந்த வரியை எத்தனை முறை படித்தாலும் எனக்கு மனம் ஆறவில்லை. இரு கோடிகளில் அவர்கள் தாங்களாகப் போய்ப் படுத்துக்கொண்டார்களா? யாரோ ஒருவர் வெள்ளைத்தாளில் கோடு போட்டு அங்கே வைத்தார். அவர் கெட்டவர் என்று நான் சொல்லமாட்டேன். ஆட்டம் குறைந்த இடத்தை அதிகம் கொடுப்பவருக்குக் கொடுத்தார். அமெரிக்கச் சட்டப்படி குடியேறுபவர்களைத் தனியாகப் பிரித்து வைக்கத் தடுப்புகளைப் போட்டார். எல்லாம் நியாயமான காரணம். எல்லாக் காரணமும் சேர்ந்து அந்த 52 குழந்தைகளைக் கீழே வைத்துவிட்டது.

மூட்டை முடிச்சு என்ற சொல்லைப் பார்த்தால் எனக்கு உன் அம்மாச்சியின் தகரப்பெட்டிதான் கண்ணில் தெரியும். பரணில் இருக்கிறதே, பச்சை வண்ணம் உதிர்ந்தது, அதுதான். 1950-களில் 14 வயதில் அவள் தன் அப்பாவோடு பினாங்குக்குப் போனாள். அந்தக் காலத்தில் சென்னையிலிருந்தும் நம் ஊரிலிருந்தும் ரஜூலா முதலான கப்பல்கள் மலாயாவுக்குப் போய்வந்தன. நம் ஊரில் கப்பல் கரைக்கு வராது. ஆழத்தில் நங்கூரம் போட்டு நிற்கும், படகில் போய் ஏற வேண்டும். சனங்களில் பெரும்பாலோருக்கு டெக் டிக்கெட்தான். அறை கிடையாது, கட்டில் கிடையாது, தளத்தில் பாய் விரித்து இடம் பிடிக்க வேண்டும். அந்தப் பயணம் முழுவதும் அம்மாச்சி பெட்டியில் தலை வைத்துத்தான் தூங்கினாளாம். கப்பலில் தீப்பிடித்தாலும் அதை விட்டு வந்திருக்கமாட்டேன் என்பாள். இரண்டு சேலை, ஒரு வெண்கலக் குத்துவிளக்கு, அவளுடைய அம்மா கொடுத்த மஞ்சள். மேல்தளத்தில் வெள்ளை உடுப்பில் ஒரு பெண் நாற்காலியில் உட்கார்ந்திருந்ததையும், அவள் கையிலிருந்த ஆரஞ்சுப் பழத்தையும் 80 வயதுவரை சொல்லிக்கொண்டே இருந்தாள். ஆரஞ்சு வேண்டும் என்று இல்லையாம். மேலே இருந்து அந்தக் கடல் எப்படித் தெரியும் என்று பார்க்க ஆசையாம்.

இப்போது எல்லாருக்கும் படகு இருக்கிறது, சட்டம் இருக்கிறது என்று நீ சொல்வாய். தெரியும். 1914-இல் லண்டனில் கூடி, கடலில் உயிர் காப்பதற்கான முதல் சர்வதேச ஒப்பந்தத்தை எழுதினார்கள். அதன் வழியில் வந்த விதிகளைப் பார்த்துத்தான் நீ வேலை செய்கிறாய், என்னைவிட உனக்கு அது நன்றாகத் தெரியும். அட்டைக் கதவை வரையாதே என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. உன் பென்சில் அந்தச் சுவரைத் தொடும்போது சுவரின் இரண்டு பக்கமும் நின்று பார். அதைத்தான் ஞாயிற்றுக்கிழமை சொல்ல வந்தேன். பயணிகள் மட்டும் அல்ல, கீழே துணி வெளுக்கிறவர்கள், பாத்திரம் கழுவுகிறவர்கள், அவர்களும் அந்தக் கப்பலில்தானே தூங்குகிறார்கள்.

அப்பா பருப்புப்பொடியும் நார்த்தங்காய் ஊறுகாயும் கட்டி வைத்திருக்கிறார், அடுத்த வாரம் அனுப்புகிறோம். குளிர் காலணி வாங்கிவிட்டாயா?

நீ அனுப்பிய தளப்படத்தை அச்செடுத்துச் சாப்பாட்டு மேசையில் விரித்து வைத்திருக்கிறேன். கீழ்த்தளத்தில் பணியாளர்களுக்கான கடைசி அறையில் ஒரு கட்டில் போட்டிருக்கிறாய். அங்கிருந்து படகுத் தளத்துக்குப் பென்சிலால் வழி போட்டுப் பார்த்தேன். மூன்றாவது திருப்பத்தில் ஒரு கதவு வருகிறது, அதற்குப் பக்கத்தில் இருக்கும் குறி எனக்குப் புரியவில்லை. அது எந்தப் பக்கம் திறக்கும், யாருடைய அட்டைக்குத் திறக்கும், மின்சாரம் போனால் என்ன ஆகும் என்று எழுது. நான் கோட்டை அங்கேயே நிறுத்தி வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
அம்மா