அட்டையில் அப்பா பேர்

பாயான் லெப்பாஸ், பினாங்கு, மலேசியா
சித்திரை 9

அன்புள்ள அம்மாவுக்கு,

முருகேசன் எழுதுவது. நான் இங்கே நலம். நீ, செல்வி, மாப்பிள்ளை, புதுசாக வந்திருக்கும் சின்னவன் எல்லோரும் நலமா? போனில் பேசினால் பாதி உன் காதில் விழுவதில்லை. மீதியைச் செல்வியின் மூத்தவன் பிடுங்கிக்கொள்கிறான். அதனால்தான் கடிதம். நிதானமாகப் படி.

போன தடவை, "அங்க உன்னைய என்ன பேரு சொல்லிடா கூப்பிடுறாக?" என்று கேட்டாய். நான் பேச்சை மாற்றிவிட்டேன். இங்கே என்னை யாரும் முருகேசன் என்று கூப்பிடுவதில்லை அம்மா. அப்பா பேரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்கள்.

பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் குடும்பப் பேர் என்று ஒரு கட்டம் உண்டு. நமக்கு ஏது குடும்பப் பேர்? க. முருகேசன், அவ்வளவுதான். கட்டம் காலியாக இருந்தால் வெளிநாட்டில் தொந்தரவு என்று சொல்லி, ஏஜெண்டு அதில் அப்பா பேரை எழுதிவிட்டார். இங்கே கம்பெனி கம்ப்யூட்டர் அந்தக் கட்டத்தைத்தான் முதலில் எடுத்தது. கழுத்தில் தொங்கும் அட்டையில் 'கருப்பையா' என்று கொட்டை எழுத்து. முருகேசன் அதற்குக் கீழே எறும்பு ஊர்ந்த மாதிரி. மலாயில் பேருக்கு 'நாமா' என்கிறார்கள், வடமொழி நாமம்தான் அது. ஏஜெண்டு எனக்குப் போட்டதும் அதேதான்.

காலையில் கேட்டில் நிற்கும் நேபாளத்துக் காவலாளி "குட் மார்னிங் கருப்பையா" என்பார். லைனில் சூப்பர்வைசர் "கருப்பையா, மூணாம் மெஷின்" என்பார். சாயங்காலம் மாமாக் கடையில் (தமிழ் முஸ்லிம்கள் நடத்தும் சாப்பாட்டுக் கடை) "கருப்பையா, தே தாரிக்!" நம்ம ஆற்றின டீதான் அது. முதல் வாரம் யார் கூப்பிட்டாலும் கையில் இருந்ததைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றேன். நம் வீட்டு வாசலில் அந்தப் பேர் சத்தமாகக் கேட்டால் தாலுகா ஆபீஸ் ஆள் வந்திருப்பார், இல்லாவிட்டால் கடன் கொடுத்தவர் வந்திருப்பார்.

நீ அந்தப் பேரைச் சொல்லி நான் கேட்டதே இல்லை. கருப்பட்டியைக்கூடப் பனவெல்லம் என்பாய். கருப்பர் கோயிலுக்குப் போனால் 'எல்லைச்சாமிக்குப் போயிட்டு வாரேன்' என்பாய். ரேஷன் கார்டுக்கு எழுத வந்தவர் "வீட்டுக்காரர் பேர் என்னம்மா" என்று இரண்டு தடவை கேட்டதும் நீ என் தோளில் ஓர் இடி இடித்தாய். எனக்கு ஏழு வயது. தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்திச் சொன்னேன். அப்பா திண்ணையில் உட்கார்ந்து அன்றைக்கு முழுக்கச் சிரித்தார்.

என் சங்கடம் முதலில் புரிந்தது பக்கத்து மெஷினில் இருக்கும் மலாய்க்கார அக்காவுக்குத்தான். அவர்களுக்கும் பெரும்பாலும் குடும்பப் பேர் கிடையாது. அகமது பின் இஸ்மாயில் என்றால் இஸ்மாயில் மகன் அகமது. மகளாக இருந்தால் 'பிந்தி'. "அகமதை இஸ்மாயில்னு கூப்பிட்டா அவங்க அப்பாதான் திரும்பிப் பார்ப்பாரு" என்று சிரித்தார். அட்டையை மாற்றச் சொல்லி எழுதிக்கொடு என்று பாரமும் வாங்கித் தந்தார்.

இங்கேயே பிறந்த தமிழர்களுக்கும் இந்த வழிதான். பேருக்கும் தகப்பன் பேருக்கும் நடுவே 'ஏ/எல்' என்று போடுகிறார்கள். 'அனாக் லெலாக்கி', ஆண்பிள்ளை. பெண்ணுக்கு 'ஏ/பி', 'அனாக் பெரெம்புவான்'. நம் ஊர்ப் பத்திரத்தில் வரும் த/பெ மாதிரி. ஆனால் கல்யாணம் ஆனாலும் இங்கே பெண்ணின் அடையாள அட்டையில் தகப்பன் பேர் அப்படியே இருக்கும். நம்ம செல்வி தாலி ஏறிய மாதமே இனிஷியலை மாற்ற ஓடினாள். இந்த வரியை அவளுக்குப் படித்துக் காட்டாதே.

எங்கள் சூப்பர்வைசர் சீனர், குடும்பப் பேர் ஊய். அவர்களுக்கு அதுதான் முன்னால் வரும். ஊய் என்றால் மஞ்சள் நிறம். சீனத்திலேயே பல பேச்சு உண்டு. அந்த எழுத்தை இங்குள்ள ஹொக்கியன்காரர் ஊய் என்று படிக்கிறார், கண்டோனியர் வோங் என்று படிக்கிறார், மாண்டரின் பேசுகிறவர் ஹுவாங் என்று படிக்கிறார். ஒருநாள் டீ நேரத்தில் அட்டைப்பெட்டி மூடியில் ஒரு மரம் மாதிரி கோடு இழுத்தார். பக்கத்திலேயே ஒட்டினாற்போல் இன்னொரு மரம். "இது லிம்" என்றார். லிம் என்றால் காடு. நேற்றுவரை எனக்கு வெறும் சத்தமாக இருந்த பேர்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பினாங்குப் பட்டணமான ஜார்ஜ் டவுனில் கூ கொங்சிக்குக் கூட்டிப்போனார். கூ என்ற குடும்பப் பேர்க்காரர்களின் குலக்கோயில் என்று வைத்துக்கொள். 1901இல் எரிந்துபோய், இப்போது இருப்பது 1906இல் கட்டி முடித்தது. உள்ளே முன்னோர் பேர் பொறித்த பலகைகள். ஒரே குடும்பப் பேர்க்காரர்கள் அந்தக் காலத்தில் தங்களுக்குள் சம்பந்தம் செய்ய மாட்டார்கள் என்றார். "நாங்களும் ஒரே சாமி கும்பிடுற பங்காளிக்குள்ள பொண்ணு எடுக்க மாட்டோம்" என்றேன். அவருக்கு ஒரே சந்தோஷம். பழைய வழக்கப்படி பேர் வைக்கிற குடும்பத்தில் அண்ணன் தம்பி, பெரியப்பா சித்தப்பா பிள்ளைகள் எல்லோருக்கும் ஓர் எழுத்து பொதுவாக வரும். தலைமுறைக்கு ஓர் எழுத்து. முன்னோர் எழுதிவைத்த பாட்டிலிருந்து வரிசையாக எடுப்பது. இன்னும் பிறக்காத கொள்ளுப்பேரனுக்குப் பாதிப் பேர் தயாராக இருக்கிறது, பார்.

திரும்பும்போது அவர் கேட்டார்: "உங்களுக்கு ஏன் குடும்பப் பேர் இல்லை?" நமக்கும் ஒரு வால் இருந்தது. தாத்தா காலத்துப் பத்திரத்தில் சாதி ஒட்டிக்கொண்டு இருக்கும், அப்பா கையெழுத்தில் இருக்காது. 1929இல் செங்கல்பட்டு மாநாட்டில் பெரியார் அதை வெட்டச் சொன்னார் என்பதையெல்லாம் என் ஆங்கிலத்தில் சொல்ல முடியுமா? "வாலை அறுத்துட்டோம்" என்பதை அப்படியே சொல்லிவைத்தேன். எந்த மிருகத்துக்கு என்று கேட்டார்.

மற்ற நாட்டுக்காரர் கதையும் உண்டு. பர்மாக்காரருக்குக் குடும்பப் பேரே இல்லை. பிறந்த கிழமைக்கு ஏற்ற எழுத்தில் பேர் வைப்பது அவர்கள் வழக்கம், நாம் நட்சத்திரத்துக்கு எழுத்துப் பார்ப்பதுபோல. பிலிப்பைன்ஸ்காரருக்கு ஸ்பானியப் பேர் எப்படி வந்தது என்றால், 1849இல் அங்கிருந்த ஸ்பானிய கவர்னர் ஒரு பெரிய பேர்ப் பட்டியலை ஊர் ஊராக அனுப்பி, இதில் எடுத்துக்கொள்ளுங்கள் என்று உத்தரவு போட்டார். சில ஊர்களில் முக்கால்வாசிப் பேருக்கு முதல் எழுத்து ஒன்றே. மாமாக் கடையில் ஒரு பெரியவர் பேர் 'மெரிக்கன்' என்று முடியும். அமெரிக்கச் சம்பந்தம் போல என்று நினைத்தேன். நம்ம மரைக்காயர்தான் கடல் தாண்டி வந்து மெரிக்கன் ஆகியிருக்கிறார்.

எனக்கு ரொம்பப் பிடித்தது பி. ரம்லி கதை. இந்த நாட்டுக்கு எம்.ஜி.ஆர். மாதிரி. நடிப்பார், பாடுவார், படமும் எடுப்பார். 1929இல் இதே பினாங்கில் பிறந்தவர். முன்னால் நிற்கும் அந்த 'பி' என்ன தெரியுமா? அப்பா பேர், புத்தே. நம்மைப்போலவே இனிஷியல் போட்டுக்கொண்ட மலாய்க்காரர். புத்தே என்றால் வெள்ளை. மலாய்க்கார அக்கா, "உங்க அப்பா பேருக்கு என்ன அர்த்தம்?" என்றார். 'ஹித்தாம்' என்றேன், கருப்பு. "ஒருத்தருக்கு வெள்ளை, ஒருத்தருக்குக் கருப்பு" என்று மெஷினை நிறுத்திவிட்டுச் சிரித்தார்.

சின்னவன் விஷயத்துக்கு வருகிறேன். மூத்தவனுக்கு மாப்பிள்ளை வீட்டுத் தாத்தா பேர் போயாயிற்று. இளையவன் நம் பக்கம். செல்வி அனுப்பிய பட்டியலைப் பார்த்தேன். எல்லாமே 'ஷ்' என்று முடிகிறது, அர்த்தம் கேட்டால் எல்லாமே சூரியன். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதுதான் அம்மா, தாத்தா பேரைச் சுமக்கிறவன். பள்ளிக்கூடத்துக்கு அவள் இஷ்டப்படி எதையும் எழுதட்டும், காது குத்தும்போது சாமி முன்னால் கருப்பையா என்று சொல்லச் சொல். நீ எப்படியும் அவனை 'ஐயா' என்றுதான் கூப்பிடப் போகிறாய்.

அட்டையை மாற்றும் பாரம் இன்னும் என் பெட்டியில்தான் கிடக்கிறது. நிரப்பவில்லை.

இந்த மாதம் பணம் செல்வி கணக்கில் ஏறிவிட்டது. பிரஷர் மாத்திரையை நிறுத்தாதே.

பதில் போடும்போது ஒன்று கவனம். இங்கே ஹாஸ்டலில் அட்டையில் உள்ள பேர் கவரில் இருந்தால்தான் கொடுப்பார்கள். வெறும் முருகேசன் என்று எழுதினால் திரும்பிப் போய்விடும். முழுப் பேரையும் எழுது. செல்வியிடம் கொடுக்காதே, நீயே எழுது. வாயால் சொல்லத்தானே கூடாது.

உன் மகன்,
கருப்பையா முருகேசன்