நந்தினி இல்லாமல் போனால் என்ன?

அன்புள்ள கண்ணுவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. பொன்னியின் செல்வன் ஐந்து பாகமும் கண்விழித்துப் படித்து முடித்த பிறகு, நந்தினி என்று ஒருத்தி இருந்ததே இல்லை என்று தெரிந்ததும் ஏமாந்துபோன மாதிரி இருக்கிறது என்று எழுதியிருக்கிறாய். இனிமேல் ராஜா ராணி, வீரன் சூரன் கதையெல்லாம் வேண்டாம், வரலாறு மட்டும்தான் படிப்பேன் என்று ஒரு சபதம் வேறு. சபதத்தைக் கொஞ்சம் தள்ளிப் போடு. அதற்குள் நான் சொல்வதையும் கேள்.

கல்கி பொன்னியின் செல்வனை 1950 முதல் 1954 வரை தொடராக எழுதினார். நந்தினி அவர் படைத்தவள்தான். ஆழ்வார்க்கடியானும் அப்படியே. ஆனால் சோழ இளவரசன் ஆதித்த கரிகாலன் கொலை அவர் கட்டியது இல்லை. காட்டுமன்னார்கோயில் பக்கத்தில் உடையார்குடிக் கோயிலில் ஒரு கல்வெட்டு இருக்கிறது, ராஜராஜன் பட்டத்துக்கு வந்த இரண்டாம் ஆண்டில் வெட்டியது. கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், ரவிதாசன், பரமேஸ்வரன் ஆகியோரின் பெயர் அதில் வருகிறது. நீ படித்துப் பயந்த அந்த ரவிதாசன் கல்லிலிருந்து இறங்கி வந்தவன்!

ஆனால் அந்தக் கல்வெட்டின் கவலையெல்லாம் சொத்து. துரோகிகளுடைய, அவர்கள் உறவுக்காரர்களுடைய நிலபுலன்களை என்ன செய்வது என்பதுதான் விஷயம். ஏன் கொன்றார்கள், யார் தூண்டிவிட்டார்கள் என்று ஒரு வார்த்தை கிடையாது. அந்த இடைவெளியில்தான் கல்கி நந்தினியைக் கொண்டுவந்து உட்கார வைத்தார். வந்தியத்தேவனும் இப்படித்தான். தஞ்சைக் கல்வெட்டில் குந்தவையின் கணவர் என்ற அளவுக்குப் பெயர் இருக்கிறது. குறும்பும் குதிரைச் சவாரியும் வாய்த்துடுக்கும் கல்கி கொடுத்த சீதனம். இதில் உன்னை யார் ஏமாற்றினார்கள்? அது நாவல் என்று அட்டையிலேயே போட்டிருக்கிறதே.

இந்த மாதிரிப் புத்தகம் எது கையில் கிடைத்தாலும் நான் முதலில் இரண்டு வருடங்களைத் தேடுவேன். சம்பவம் நடந்தது எப்போது, இந்தக் கதையை எழுதி வைத்தது எப்போது. இரண்டுக்கும் நடுவில் எவ்வளவு தூரம் என்று தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. அந்தத் தூரத்தில் கதைக்கு என்ன முளைத்தது என்று பார்ப்பதுதான் மீதிப் பாதி. எனக்கு அதில்தான் ருசி.

ரோலண்டை எடுத்துக்கொள். 778ஆம் ஆண்டு சார்லமேன் அரசனின் படை ஸ்பெயினிலிருந்து பிரான்ஸ் பக்கம் திரும்பிக்கொண்டிருந்தது. பிரெனே மலைக் கணவாயில் மலைவாசிகளான பாஸ்க் மக்கள் படையின் பின்வரிசையை மடக்கி அடித்துவிட்டார்கள். சார்லமேனின் வாழ்க்கையை எழுதிய ஐன்ஹார்ட், செத்தவர்களில் மூன்று பேர் பெயரைச் சொல்கிறார். மூன்றாவது பெயர் ரோலண்டு. எல்லைப் பகுதி அதிகாரி. சரி, அவ்வளவுதான். ஒரு வரி.

சுமார் முந்நூறு வருடம் கழித்து, 1100 வாக்கில், அதே ஆள் நாலாயிரம் அடியில் ஒரு பெரிய பாட்டுக்கு நாயகனாகி நிற்கிறான். கையில் பெயர் வைத்த வாள், இடுப்பில் தந்தத்தில் செய்த ஊதுகொம்பு. எதிரிகளோ பாஸ்க் மக்கள் இல்லை, நாலு லட்சம் பேர் கொண்ட முஸ்லிம் படை! எப்படி ஆள் மாறியது? அது கிறிஸ்தவர்கள் முஸ்லிம்களோடு மோதிய முதல் சிலுவைப் போர் நடந்த காலம். பாட்டைக் கேட்க உட்கார்ந்தவர்களுக்குத் தெரிந்த எதிரி அவர்கள்தான். மலையில் ஆடு மேய்ப்பவர்களிடம் அடிவாங்கிச் செத்தான் என்று பாடினால் யார் கேட்பார்கள்?

அதற்காக அந்தப் பாட்டைத் தூக்கிப் போட முடியுமா? 778இல் என்ன நடந்தது என்று அதைக் கேட்டால் தப்பாகச் சொல்லும். 1100இல் மனிதர்கள் எதை நினைத்துப் பயந்தார்கள், எதை வீரம் என்று நினைத்தார்கள் என்று கேட்டால் அதைவிட நல்ல சாட்சி கிடையாது. போதாததற்கு அதில் ஒரு இடம் வருகிறது. எதிரிப் படை திரண்டு வருவதைப் பார்த்துவிட்டு நண்பன் ஆலிவர், கொம்பை ஊது, ராஜா திரும்பி வருவார் என்கிறான். ஊதினால் மானம் போகும் என்று ரோலண்டு மறுக்கிறான். ஆலிவர் திரும்பத் திரும்பக் கேட்கிறான், இவன் அசையவில்லை. கடைசியில் கிட்டத்தட்ட எல்லாரும் செத்த பிறகு ஊதுகிறேன் என்கிறான். இப்போது ஆலிவர், இனிமேல் ஊதுவதுதான் மானக்கேடு என்று சண்டைக்கு வருகிறான். அப்புறம் ஊதுகிறான், நெற்றிப் பொட்டு வெடித்து ரத்தம் கொட்டுகிற அளவுக்கு. எந்தக் கல்வெட்டிலும் இது கிடைக்காது கண்ணு.

நம் பக்கத்துக் கதை ஒன்றும் சொல்கிறேன். தேர்க்காலில் கன்று சிக்கிச் செத்ததற்காகத் தன் மகனைத் தேர்க்காலில் இட்டுக் கொன்ற சோழன் கதை உனக்குச் சின்ன வயதிலேயே தெரியும். ஆனால் அது எத்தனை கையில் எத்தனை விதமாக மாறியிருக்கிறது என்று நீ பார்த்திருக்க மாட்டாய். சிலப்பதிகாரத்தில் பாண்டியன் சபையில் நின்று கண்ணகி இதைச் சொல்கிறாள், தன் ஊர் புகாரின் பெருமையாக, சில அடிகளில். மகன் செத்தான், அதோடு சரி. பிழைத்து எழவில்லை. அவளுக்கு அங்கே பிழைத்தெழும் மகன் தேவையும் இல்லை. நியாயத்துக்காகச் சொந்தப் பிள்ளையையே கொன்ற அரசன் இருந்த ஊர்க்காரி நான், நீ என் புருஷனை விசாரிக்காமல் கொன்றாய் என்று குத்திக் காட்டத்தான் அந்தக் கதை.

12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் கைக்கு வரும்போது ஊர் திருவாரூர் ஆகிவிட்டது, கதையும் வளர்ந்துவிட்டது. மகன் மேல் தேரோட்டச் சொன்னதும் அமைச்சர் தன் உயிரையே விட்டுவிடுகிறார். அரசனே தேரை ஓட்டுகிறான். சிவபெருமான் தோன்ற, கன்று, மகன், அமைச்சர் மூவரும் எழுந்துவிடுகிறார்கள். பக்தி நூலில் சாவு கடைசி வார்த்தையாக இருக்க முடியாது இல்லையா?

இதே கதை இலங்கையின் பழைய பௌத்த நூலான மகாவம்சத்திலும் இருக்கிறது. அங்கே அரசன் எல்லாளன், சோழ நாட்டிலிருந்து போனவன். அந்த நூலின் நாயகன் துட்டகைமுனு பின்னால் அவனைப் போரில் கொல்லப் போகிறான். அப்படியும் பிக்குகள் எல்லாளனின் மணியை, பசுவை, தேர்ச் சக்கரத்தை மறைக்காமல் எழுதி வைத்தார்கள். தப்பான நம்பிக்கையை விடாதவனே தீயவழியில் போகாததால் இவ்வளவு பேறு பெற்றான் என்று ஒரு குறிப்பும் சேர்த்தார்கள். எதிரியைப் புகழ்வதிலும் தங்கள் பாடத்தை நுழைத்துவிட்டார்கள், கெட்டிக்காரர்கள். எனக்கு மூன்றில் கண்ணகி சொல்வதுதான் பிடிக்கும். வளர்த்தவர்களைவிடச் சுருக்கியவள் பலமாகச் சொன்னாள்.

இன்னும் எவ்வளவோ இருக்கிறது. பழைய பாட்டுகளில் ராபின் ஹுட் பிரபுவே இல்லை, சாதாரணக் குடியானவன். அவனைப் பிரபு ஆக்கியது 16ஆம் நூற்றாண்டு முடிவில் வந்த நாடகக்காரர்கள். பழைய மெசபடோமியக் காவிய நாயகன் கில்காமெஷ் 126 வருடம் ஆண்டான் என்று சுமேரிய அரசர் பட்டியல் கணக்காக எழுதி வைத்திருக்கிறது. நேர்மாறாகவும் நடக்கும்: ஷெர்லாக் ஹோம்ஸ் சுத்தக் கற்பனை, ஆனால் அவர் முகவரிக்குக் கடிதம் வந்து குவிந்து, அங்கே இருந்த நிறுவனம் பதில் எழுதவே ஒரு ஆளை வைத்திருந்தது.

கோபப்படுவதாக இருந்தால் வேறு ஒரு ரகத்தின் மேல் கோபப்படு. நாவல் என்றும் போடாமல் வரலாறு என்றும் போடாமல், 'மறைக்கப்பட்ட உண்மை' என்று அட்டையில் கத்தும் புத்தகங்கள். எதை எங்கே படித்தார் என்று ஆசிரியர் ஒரு இடத்திலும் சொல்லமாட்டார். எல்லாரும் சதி செய்து ஒளித்து வைத்துவிட்டார்கள் என்பார். முன்னுரையையும் பின்னிணைப்பையும் முதலில் புரட்டு. எது சான்று, எது தன் கற்பனை என்று பிரித்துச் சொல்லியிருக்கிற ஆளை நம்பலாம். ஒரு புத்தகத்தில் வில்லன் மட்டும் ஒரே இனமாக, நல்லவர்கள் எல்லாம் இன்னொரு இனமாக இருந்தால், அந்த இரண்டாவது வருடத்தை, அதாவது எழுதிய காலத்தை, இன்னும் கவனமாகப் பார்.

ஆரம்பிக்க வேண்டுமென்றால் ரோலண்டுப் பாட்டிலிருந்து ஆரம்பி, ஆங்கில மொழிபெயர்ப்பு சுலபமாகக் கிடைக்கும். மகாவம்சத்தில் 21ஆம் அத்தியாயம் மட்டும் இப்போதைக்குப் போதும். சேக்கிழாரை உரையோடு படி, இல்லையென்றால் மூன்றாவது பாட்டில் மூடி வைத்துவிடுவாய், உன்னை எனக்குத் தெரியாதா. சோழர் வரலாறு வேண்டுமென்றால் சதாசிவ பண்டாரத்தார் எழுதியதை எடு. நாவலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே படி, எந்தப் பக்கத்தில் கல் முடிந்து கல்கி தொடங்குகிறார் என்று உனக்கே பிடிபடும்.

ரோலண்டை முடித்ததும் கொம்பு விஷயத்தில் யார் செய்தது சரி என்று எழுது. நான் ஆலிவர் பக்கம். உன் அப்பா ரோலண்டு கட்சி, மூன்று நாளாக இங்கே சண்டை நடக்கிறது.

அன்புடன்,
அம்மா