டைமிங் செயின் என்று எழுதிக் கொடுத்த காரில் பெல்ட் இருக்கிறது: கார் விற்பனை நிறுவனத்துக்கு ஒரு புகார் கடிதம்

அனுப்புநர்
சென்ற மாதம் உங்களிடம் கார் வாங்கிய வாடிக்கையாளர்
(பெயரும் முகவரியும் விற்பனை ஒப்பந்தத்தில் உள்ளபடி)

பெறுநர்
மேலாளர் அவர்கள்,
பயன்படுத்திய கார் விற்பனைப் பிரிவு

பொருள்: பரிசோதனை அறிக்கையில் தவறான விவரங்கள் தந்து கார் விற்றது தொடர்பாக

மதிப்பிற்குரிய ஐயா,

சென்ற மாதம் உங்கள் நிறுவனத்தில் ஒரு ஜப்பானிய செடான் வாங்கினேன். பதினைந்து வருடம் தாண்டிய கார், ஆறு சிலிண்டர் உள்ள வி6 எஞ்சின். சாவி என் கைக்கு வந்த அன்று ஓடோமீட்டரில் 1,38,412 கிலோமீட்டர் இருந்தது. பழைய கார் பழுதாகிவிட்டது என்று சொல்ல இந்தக் கடிதத்தை எழுதவில்லை. பழைய கார் என்றால் பழுது வரும், அதற்கென்று தனியாகப் பணமும் ஒதுக்கி வைத்திருந்தேன். நீங்கள் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த பரிசோதனை அறிக்கையில் மூன்று விஷயங்கள் உண்மையில்லை. அந்த மூன்றையும் நம்பித்தான் இந்தக் காரை வாங்கலாம் என்று முடிவு செய்தேன். அதுதான் என் புகார்.

இந்த முடிவுக்கு வர எனக்கு ஆறு மாதம் ஆனது. எதையெல்லாம் எடை போட்டுப் பார்த்தேன் என்று சொன்னால்தான் அந்த அறிக்கை எனக்கு என்ன செய்தது என்பது உங்களுக்குப் புரியும்.

ஜப்பானிய செடான் பக்கம் நான் போனதற்கு முதல் காரணம், இந்தக் கார்களைத் தொடாத மெக்கானிக் கிடையாது என்பதுதான். டொயோட்டா கொரோலா 1966-இலும், ஹோண்டா சிவிக் 1972-இலும், அக்கார்டு 1976-இலும் வந்தவை. இத்தனை தலைமுறையாக ஓடும் மாடல்களில் எது தேயும், எது கசியும், எந்தக் கிலோமீட்டரில் எதை மாற்ற வேண்டும் என்பதெல்லாம் ஏற்கெனவே தெரிந்த கதை. உதிரி பாகமும் கம்பெனி சாமான், வெளிச் சாமான் என்று இரண்டு வகையிலும் கிடைக்கும். ஒழுங்காகப் பராமரித்த கார் மூன்று லட்சம் கிலோமீட்டர் ஓடுவதில் அதிசயம் ஒன்றும் இல்லை. செடான் என்பதும் எனக்குப் பிடித்திருந்தது. உயரம் குறைவு, வளைவில் நிதானமாக நிற்கும், ஏறி இறங்க என் அம்மாவுக்கும் சுலபம்.

எதிர்ப்பக்கமும் பார்த்தேன். நல்ல பெயர் இருப்பதால் இந்தக் கார்களின் விலை லேசில் இறங்காது. அதே வயதுள்ள வேறு காரைவிடக் கூடுதலாகத்தான் கொடுக்க வேண்டும். பழைய மாடல்களில் பலவற்றில், கார் சறுக்காமல் கட்டுப்படுத்தும் எலெக்ட்ரானிக் ஸ்டெபிலிட்டி கண்ட்ரோல் இருக்காது. பக்கவாட்டு ஏர்பேக்கூட விலை கூடிய வகையில்தான் வரும். அடிப்பக்கம் துரு பிடித்திருந்தால் எஞ்சின் எவ்வளவு நன்றாக இருந்தும் பயன் இல்லை. அப்புறம், ஜப்பான் என்ற பேருக்காகவே எல்லா எஞ்சினும் நல்ல எஞ்சின் ஆகிவிடாது. 2007 முதல் 2009 வரை வந்த டொயோட்டா கேம்ரியின் 2.4 லிட்டர் எஞ்சின் ஆயில் குடித்ததும், அதற்காக டொயோட்டாவே வாரண்டியை நீட்டித்ததும் தேடினால் யாருக்கும் கிடைக்கிற தகவல்தான். ஆகவே பேரைப் பார்க்காமல் எஞ்சினைப் பார்த்து வாங்க வேண்டும் என்று முடிவு செய்திருந்தேன்.

எஞ்சின் என்றதும் எனக்கு முன்னால் நின்ற பெரிய கேள்வி டைமிங் பெல்ட்டா, செயினா என்பது. பிஸ்டன் ஏறி இறங்குவதற்கு ஏற்ற நேரத்தில் வால்வுகளைத் திறந்து மூட வைப்பது இதுதான். செயின் என்றால் நேரத்துக்கு ஆயில் மாற்றி வந்தால் பெரும்பாலும் எஞ்சின் ஆயுள் முழுக்க வரும். பெல்ட் என்றால் ரப்பர். ஓட்டினாலும் தேயும், ஓட்டாமல் வைத்திருந்தாலும் காலத்தால் காய்ந்து வெடிக்கும். அதனால்தான் தயாரிப்பாளர்கள் கிலோமீட்டரோடு ஆண்டுக் கணக்கும் சேர்த்துச் சொல்கிறார்கள். பல எஞ்சின்களில் ஓடும்போது பெல்ட் அறுந்தால் பிஸ்டன் மேலே வந்து திறந்திருக்கும் வால்வில் அடிக்கும். அதோடு எஞ்சின் வேலை முடிந்தது. இதில் இன்னொரு குழப்பமும் உண்டு. ஒரே மாடலில் ஒரு எஞ்சினுக்குச் செயின் இருக்கும், இன்னொன்றுக்குப் பெல்ட் இருக்கும். 2003 தலைமுறை அக்கார்டில் நாலு சிலிண்டருக்குச் செயின், வி6-க்குப் பெல்ட். 2002 தலைமுறை கேம்ரியில் 2.4 லிட்டருக்குச் செயின், 3.0 லிட்டர் வி6-க்குப் பெல்ட். மாடல் பேரை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது.

இது எனக்குத் தெரிந்திருந்ததால்தான் உங்கள் விற்பனைப் பிரதிநிதியிடம் நேராகவே கேட்டேன்: "இந்த வி6-இல் இருப்பது பெல்ட்டா, செயினா?" அவர் அறிக்கையைத் திருப்பி ஒரு வரியைக் காட்டினார். "டைமிங் செயின், மாற்றத் தேவையில்லை" என்று அச்சடித்திருந்தது. "ஜப்பான் வண்டி மேடம், ஆயில் மாத்திட்டே இருந்தா போதும்" என்றார். எழுத்தில் இருக்கிறதே என்று நானும் நம்பினேன். என்னிடம் இருந்த கணக்கில் பெல்ட், வாட்டர் பம்ப், பெல்ட்டை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷனர், கூலி என்று எழுதியிருந்த வரியை அங்கேயே அடித்தேன். அந்த வரி இருந்திருந்தால் நீங்கள் சொன்ன விலைக்கு இந்தக் காரை வாங்கியிருக்க மாட்டேன்.

வாங்கிய ஒன்பதாம் நாள் என் மெக்கானிக் பானெட்டைத் திறந்த உடனே, "இதுல பெல்ட்டுதான் இருக்கு" என்றார். சில போல்ட்டுகளைக் கழற்றி மேல் மூடியை எடுத்துக் காட்டினார். டார்ச் வெளிச்சத்தில் பார்த்தேன். பெல்ட்டின் முதுகில் குறுக்கே நகக்கீறல் மாதிரி வெடிப்பு, வரிசையாக ஓடியது. ஓரத்தில் நூல் பிரிந்து தொங்கியது. விரலால் தடவினால் கறுப்புத் தூள் ஒட்டியது. வாட்டர் பம்ப் பக்கம் கூலன்ட் கசிந்து காய்ந்த உப்புப் படிவு. இத்தனை வருடத்தில் பெல்ட் ஒரு தடவைகூட மாற்றப்பட்ட மாதிரி தெரியவில்லை என்றார். சர்வீஸ் புத்தகத்திலும் மாற்றியதாக ஒரு பதிவும் இல்லை. குறைந்த கிலோமீட்டர் ஓடிய கார் என்று சந்தோஷப்பட்டேனே, குறைவாக ஓடியதால்தான் யாரும் பெல்ட்டை நினைக்காமல் விட்டிருக்கிறார்கள். மூடியைத் திருப்பி மாட்டிவிட்டு, "மாத்துற வரைக்கும் ஸ்டார்ட் பண்ணாதீங்க" என்றார். அன்றிலிருந்து கார் நிற்கிறது.

இரண்டாவது விஷயம் எனக்கு இன்னும் அதிகமாக வலித்தது. மெக்கானிக்கிடம் நான் போனதற்குக் காரணமே, செக் எஞ்சின் விளக்கு எரிந்ததுதான். டெஸ்ட் டிரைவின்போது அந்த விளக்கு எரியவில்லை. "கோளாறுப் பதிவு ஏதும் இல்லை" என்று அறிக்கையும் சொல்கிறது. மெக்கானிக் ஸ்கேனரை மாட்டினார். புகையைச் சுத்தம் செய்யும் கேட்டலிடிக் கன்வெர்ட்டர் சரியாக வேலை செய்யவில்லை என்ற கோடு (code), அதாவது எஞ்சின் கம்ப்யூட்டர் பதிவு செய்யும் கோளாறு எண், வந்தது. அது வரக்கூடியதுதான், வயதான கார். ஆனால் ஸ்கேனரில் அவர் இன்னொரு எண்ணையும் காட்டினார். கடைசியாகக் கோடுகளை அழித்த பிறகு கார் எத்தனை கிலோமீட்டர் ஓடியிருக்கிறது என்பதை எஞ்சின் கம்ப்யூட்டரே கணக்கு வைத்திருக்கும். அதில் 241 என்று இருந்தது. அப்போது ஓடோமீட்டர் 1,38,641. கழித்துப் பாருங்கள், 1,38,400-இல் யாரோ கோடுகளை அழித்திருக்கிறார்கள். கார் உங்கள் இடத்துக்கு வந்தபோது 1,38,391 என்று உங்கள் அறிக்கையே பதிவு செய்திருக்கிறது. டெஸ்ட் டிரைவ் தொடங்கும்போது நான் எடுத்த படத்தில் 1,38,403. அதாவது கோடுகள் அழிக்கப்பட்டபோது கார் உங்கள் கையில் இருந்தது. நான் உட்காருவதற்கு 3 கிலோமீட்டர் முன்னால் அது நடந்திருக்கிறது.

கோடை அழித்தால் விளக்கு அணையும், கோளாறு அப்படியேதான் இருக்கும். அழித்த பிறகு கார் தன் பாகங்களை மறுபடியும் ஒவ்வொன்றாகச் சோதித்து முடிக்கப் பல நாள் ஓட்டம் தேவைப்படும். கன்வெர்ட்டர் சோதனை கடைசியில் முடிகிறவற்றில் ஒன்று. ஐந்து கிலோமீட்டர் டெஸ்ட் டிரைவில் அது எப்படி வெளியே வரும்? இதை உங்கள் பணிமனையில் இருப்பவர்களுக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை.

டயரைப் பற்றி அதிகம் எழுதப் போவதில்லை. "புதிய டயர்கள்" என்று போட்டிருக்கிறீர்கள். டயரின் பக்கச் சுவரில் உள்ள நாலு இலக்கம் அது தயாரான காலத்தைச் சொல்லும்: முதல் இரண்டு இலக்கம் எந்த வாரம், அடுத்த இரண்டு இலக்கம் எந்த ஆண்டு என்று. பின்பக்க டயர் இரண்டும் ஏழு வருடத்துக்கு முந்தையவை. குனிந்து பார்க்காதது என் தவறு, அதை இந்தப் புகாரில் சேர்க்கவில்லை.

மூன்றாவதுதான் உயிர் சம்பந்தப்பட்டது. அறிக்கையில் "ரீகால் நிலுவை: இல்லை" என்று இருக்கிறது. ரீகால் என்றால், குறையுள்ள பாகத்தை மாற்றித் தரத் தயாரிப்பாளரே காரைத் திரும்ப அழைப்பது. வீட்டுக்கு வந்து 17 எழுத்துச் சேசிஸ் எண்ணைத் தயாரிப்பாளரின் தளத்தில் போட்டேன். முன் பயணி இருக்கை ஏர்பேக்குக்கான ரீகால் இன்னும் செய்யப்படவில்லை என்று வந்தது. அந்தச் சோதனைக்கு எனக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

பழைய ஜப்பானிய கார் விற்பவர்களுக்கு ஏர்பேக் ரீகால் தெரியாத விஷயம் இல்லை. தகாட்டா நிறுவனம் செய்த ஏர்பேக் இன்ஃப்ளேட்டர்களில், அதாவது ஏர்பேக்கை ஊதி விரிக்கும் பாகத்தில், அம்மோனியம் நைட்ரேட் என்ற வெடிக்கக்கூடிய ரசாயனம் இருந்தது. வருடக்கணக்கில் வெப்பமும் ஈரப்பதமும் பட்டால் அது கெட்டுப்போய், ஏர்பேக் விரியும் நேரத்தில் உலோகக் கூடே வெடித்துத் துண்டுகளாகச் சிதறும். 2008-இல் சிறிதாகத் தொடங்கிய ரீகால், பத்தொன்பது தயாரிப்பாளர்களைத் தொட்டு, வாகன வரலாற்றிலேயே மிகப் பெரிய ரீகாலாக வளர்ந்தது. 2017-இல் தகாட்டா திவால் மனு போட்டது. இவ்வளவு நடந்த பிறகும், பழைய காரை விற்கும் ஒரு நிறுவனம் சேசிஸ் எண்ணைப் போட்டுப் பார்க்காமல் "இல்லை" என்று எழுதுவதை என்னால் ஏற்க முடியவில்லை. ரீகால் வேலையைத் தயாரிப்பாளர் இலவசமாகவே செய்து தருகிறார். உங்களுக்கு ஒரு செலவும் இல்லை. எனக்கு ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், மாற்றிக்கொண்டு எடுத்திருப்பேன்.

அந்த ஒன்பது நாளும் என் அம்மா அந்த இருக்கையில்தான் உட்கார்ந்து வந்தார். முழங்கால் வலி என்பதால் இருக்கையை முன்னால் தள்ளி, டேஷ்போர்டில் கை வைத்துக்கொண்டு உட்காருவார். அந்தக் கை எனக்குத் திரும்பத் திரும்ப ஞாபகம் வருகிறது.

உங்கள் வாடிக்கையாளர் சேவைக்கு இரண்டு முறை போன் செய்தேன். முதல் முறை, பழைய கார்களை "உள்ள நிலையில்" விற்கிறோம் என்றார்கள். ஒப்பந்தத்தில் அந்த வாசகம் இருக்கிறது, படித்துத்தான் கையெழுத்துப் போட்டேன். ஆனால் உள்ள நிலை என்ன என்று சொல்லும் காகிதம் நீங்கள் கொடுத்த அறிக்கை. அதில் இல்லாத நிலையை எழுதிவிட்டு அந்த வாசகத்தைக் காட்டுவது சரியில்லை. இரண்டாம் முறை பேசியவர், வி6-க்கும் நாலு சிலிண்டருக்கும் ஒரே அச்சுப் படிவத்தைப் பயன்படுத்துகிறோம், அதில் அந்தச் செயின் வரி வந்துவிட்டிருக்கலாம் என்றார். அவர் உண்மையைச் சொன்னதற்கு நன்றி. ஆனால் அவர் சொன்னது இந்தப் புகாரை இன்னும் பெரிதாக்குகிறது. அதே படிவத்தோடு அதே வி6 காரை வாங்கியவர்கள் இன்னும் சிலர் இருப்பார்கள். அவர்கள் இப்போது நெடுஞ்சாலையில் ஓட்டிக்கொண்டிருக்கலாம்.

நான் கேட்பவை இவை. டைமிங் பெல்ட், வாட்டர் பம்ப், டென்ஷனர் மாற்றும் முழுச் செலவையும் நீங்கள் ஏற்க வேண்டும். வேலை என் மெக்கானிக்கிடம் நடக்கட்டும், பில்லை உங்களுக்கு அனுப்புகிறேன். கேட்டலிடிக் கன்வெர்ட்டரைச் சரி செய்து தர வேண்டும், அல்லது அதற்கான தொகையை விலையில் கழித்துத் திருப்பித் தர வேண்டும். இதில் உங்களுக்குச் சம்மதம் இல்லையென்றால் காரை எடுத்துக்கொண்டு நான் கொடுத்த முழுப் பணத்தையும் தாருங்கள், அதற்கும் நான் தயார். ஏர்பேக் வேலைக்குத் தயாரிப்பாளரின் சர்வீஸ் சென்டரில் நானே நாள் வாங்கிவிட்டேன். பெல்ட் மாற்றும் வரை காரை ஸ்டார்ட் செய்ய முடியாது என்பதால் அதை அங்கே கொண்டுபோக இழுவை வண்டி மட்டும் அனுப்புங்கள்.

இதோடு, அந்தப் படிவத்தோடு வி6 கார் வாங்கிய எல்லோருக்கும் நீங்களே போன் செய்து இது பெல்ட் எஞ்சின் என்று சொல்ல வேண்டும். என் பணத்தைவிட இதைத்தான் நான் முதலில் எதிர்பார்க்கிறேன்.

உங்கள் பரிசோதனை அறிக்கையின் நகல், ஸ்கேனர் திரையின் படம், டெஸ்ட் டிரைவ் அன்று எடுத்த ஓடோமீட்டர் படம், பெல்ட்டின் படங்கள், ரீகால் பக்கத்தின் அச்சுப் பிரதி எல்லாவற்றையும் இந்தக் கடிதத்தோடு வைத்திருக்கிறேன். பெல்ட்டைக் கழற்றிய பிறகு அதைத் தூக்கிப் போடாமல் வைத்திருக்கச் சொல்லியிருக்கிறேன். உங்கள் ஆட்கள் எப்போது வேண்டுமானாலும் வந்து பார்க்கலாம். பதினைந்து நாளுக்குள் எழுத்தில் பதில் வேண்டும். வராவிட்டால் இதே காகிதங்களோடு நுகர்வோர் குறைதீர் அமைப்பில் மனு கொடுப்பேன்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்